அத்தை வீட்டுச் சுவரும் முத்துக்குளித்துறையும்

தூத்துக்குடியில் எங்கள் அத்தை வீட்டுப் புறவாசல் சுவரில் ஓரிடத்தில் காரை பெயர்ந்து கிடந்தது. உள்ளே தெரிந்தது செங்கல் இல்லை. தேன்கூடு மாதிரித் துளைதுளையாக, சில இடங்களில் மூளை மடிப்புபோல வரிவரியாக, வெள்ளையும் சாம்பலும் கலந்த ஒரு கல். பையனாக இருந்தபோது அதை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தேன். "ஏல, சுரண்டாத. அது கடலுக்குள்ள வளந்த கல்லுல்லா" என்றாள் அத்தை. கல் எப்படி வளரும் என்று அன்றைக்குக் கேட்கத் தோன்றவில்லை.

பல வருஷம் கழித்துத்தான் புரிந்தது, அந்தக் கேள்விக்குள்ளேயே இந்தக் கரையின் பாதிக் கதை இருக்கிறது என்று. ஒரு கடலோரப் பகுதியைத் தெரிந்துகொள்ள நிலவியல் புத்தகம், வரலாற்றுப் புத்தகம், கட்டடக்கலைப் புத்தகம் என்று மூன்றைத் தனித்தனியாகப் புரட்ட வேண்டியதில்லை. பழைய வீடு ஒன்றின் சுவர், கூரை, வாசல், கிணறு, இந்த நான்கையும் நின்று பார்த்தால் போதும். அந்தக் காலத்தில் எந்தப் பொருளையும் ரொம்ப தூரம் சுமந்துவர முடியாது. பக்கத்தில் என்ன கிடைத்ததோ அதுதான் வீடு.

முதலில் இடம். தூத்துக்குடியை மையமாக வைத்து மன்னார் வளைகுடாவை ஒட்டி வடக்கிலும் தெற்கிலும் நீளும் கரைக்கு முத்துக்குளித்துறை என்று பெயர். வேம்பார், வைப்பார், தூத்துக்குடி, புன்னைக்காயல், வீரபாண்டியன்பட்டினம், ஆலந்தலை, மணப்பாடு ஆகிய ஏழும் பரதவர்களின் பெரிய துறைகளாகச் சொல்லப்படுபவை. இவற்றுக்கு நடுவே முஸ்லிம் வணிகர்களின் காயல்பட்டினமும், முருகன் கோயில் கொண்ட திருச்செந்தூரும் இருக்கின்றன. மழை குறைவு, ஆண்டுக்குச் சுமார் 650 மில்லிமீட்டர்தான். அதிலும் பெரும்பகுதி ஐப்பசி, கார்த்திகையில் கொட்டிவிட்டுப் போய்விடும். மிச்ச மாதங்களில் வெயிலும் காற்றும்தான். உப்பு விளைய இதைவிட என்ன வேண்டும்? உப்பு உற்பத்தியில் நாட்டில் குஜராத்துக்கு அடுத்த இடம் இந்தக் கரை இருக்கும் தமிழ்நாட்டுக்கு. அதில் பெரும்பங்கு தூத்துக்குடி உப்பளங்களில் விளைகிறது.

முத்து ஏன் இங்கே? கரையோரத்தில் இந்தக் கடல் ஆழம் குறைந்தது. கரையிலிருந்து சில மைல் தள்ளி, மணலுக்கு நடுவே கடினமான பாறைத் தளங்கள் திட்டுத்திட்டாக இருக்கின்றன. முத்துச்சிப்பி ஒட்டிக்கொண்டு வளர இப்படி ஒரு தளம் வேண்டும். இந்தத் திட்டுகளைப் 'பார்' என்பார்கள். தோலாயிரம் பார் என்பது அவற்றில் பேர்பெற்ற ஒன்று. சிப்பி எல்லா வருஷமும் சேராது. சேர்ந்த வருஷத்தில் மட்டும் குளிப்பு நடக்கும். காலில் கல்லைக் கட்டிக்கொண்டு மூழ்குவார்கள். சுறா வாயைக் கட்ட மந்திரம் சொல்லும் 'கடல்கட்டி' கரையில் உட்கார்ந்திருப்பார். குளிப்பு நடக்கும் சில வாரங்களுக்குக் கரையில் ஓலைக் குடிசைகளாலான ஓர் ஊரே முளைக்கும். முடிந்ததும் பிரித்துக்கொண்டு போய்விடுவார்கள். பெரிய அளவில் கடைசியாக முத்துக்குளித்தது 1961இல்.

நகர்ந்துகொண்டே இருந்த துறைமுகம்

வரைபடத்தில் கரையை ஒரு கோடாகப் போடுகிறார்கள். அது எங்கேயும் நகராது என்று நமக்கும் ஒரு நினைப்பு. கொற்கைக்குப் போனால் அந்த நினைப்பு போய்விடும்.

பாண்டியர்களின் முத்துத் துறைமுகம் கொற்கை. கிரேக்கக் கடலோடி ஒருவர் சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முன் எழுதிவைத்த குறிப்பிலும் இந்த ஊர் வருகிறது. தண்டனை பெற்ற கைதிகளை வைத்து இங்கே முத்து எடுத்ததாக அவர் சொல்கிறார். தமிழ்நாடு தொல்லியல் துறை 1968-69இல் இங்கே அகழ்ந்தது. அப்போது கிடைத்த கரித்துண்டைச் சோதித்ததில் காலம் பொது ஆண்டுக்கு முன் 785 என்று வந்தது. அவ்வளவு பழைய துறைமுகம். இன்றைக்குப் போய் நின்று பார்த்தால் வயல், வாழைத்தோட்டம், ஒரு குளம், வயசான ஒரு வன்னி மரம். கடல் ஆறேழு கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது.

இதைச் செய்தது தாமிரபரணி. மலையிலிருந்து வண்டல் கொண்டுவந்து முகத்துவாரத்தில் போட்டுக்கொண்டே இருந்தது. வண்டல் சேரச்சேரக் கரை கிழக்கே வளர்ந்தது. பழைய முகத்துவாரம் தூர்ந்தது, கப்பல் உள்ளே வர முடியாமல் போனது. வணிகம் ஆற்றோடு கீழே இறங்கிப் பழைய காயலுக்குப் போனது. 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் மார்க்கோ போலோ பார்த்து எழுதிய 'காயில்' அதுதான். ஓர்முஸிலிருந்தும் ஏடனிலிருந்தும் குதிரை ஏற்றிவந்த கப்பல்கள் அங்கே நின்றன. இன்றைக்குப் பழைய காயலும் கரையில் இல்லை. கொற்கையும் காயலும் எவை என்று 19ஆம் நூற்றாண்டில் தேடி அடையாளம் காட்டியவர் கால்டுவெல். திராவிட மொழிகளுக்கு இலக்கணம் எழுதிய அதே கால்டுவெல்தான். இடையன்குடியில் இருந்துகொண்டு மண்ணையும் கிளறிப் பார்த்திருக்கிறார்.

அடுத்து புன்னைக்காயல், இன்றைய முகத்துவாரம். போர்த்துக்கீசியர் முதலில் காலூன்றிய இடங்களில் அதுவும் ஒன்று. பிறகு வணிகத்தின் எடை தூத்துக்குடிக்கு நகர்ந்தது. தூத்துக்குடி ஆற்றுக்கு வடக்கே தள்ளி இருக்கிறது, வண்டல் நேராக வந்து அடைக்காது. முன்னால் சின்னச் சின்னத் தீவுகள் அலையைத் தாங்கிக்கொள்ளும். ஒரே ஒரு குறை, அப்போது ஆழம் பத்தவில்லை. நீராவிக் கப்பல் காலத்திலும் பெரிய கப்பல்கள் சில மைல் தள்ளித்தான் நங்கூரம் போட்டன. சரக்கும் ஆளும் தோணியில்தான் போய்வர வேண்டும். 1906இல் வ.உ.சி. சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கிக் கொழும்புக்குக் கப்பல் விட்டபோதும் இதே நிலைதான்.

ஆக, ஒரே துறைமுகம்தான் நான்கு பெயரில் நகர்ந்திருக்கிறது என்று வைத்துக்கொண்டாலும் தப்பில்லை.

தேரி

கரையிலிருந்து உள்ளே வந்தால், திருச்செந்தூரைச் சுற்றிச் சட்டென்று நிலம் சிவக்கும். ரத்தச் சிவப்பு மணல், மேடும் பள்ளமுமாக, கண்ணுக்கு எட்டிய தூரம். இதுதான் தேரி. முதன்முறை பார்ப்பவர்கள் ராஜஸ்தான் என்பார்கள். இல்லை, ராஜஸ்தான் மணலுக்கு இந்த நிறம் வராது.

தேரி எப்படி வந்தது என்று புரிய ஒரு விஷயம் தெரிந்தால் போதும். சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், இன்றைக்கு இருப்பதைவிட நிறையத் தண்ணீர் நிலத்தின்மேல் பனிக்கட்டியாக உறைந்திருந்தது. அதனால் கடல் மட்டம் இன்றைக்கு இருப்பதைவிடச் சுமார் 120 மீட்டர் கீழே இருந்தது. மன்னார் வளைகுடாவின் ஆழமில்லாத கரையோரப் பகுதி அப்போது வெறும் நிலம். கடல் விலகுவதும் ஏறுவதுமாக இருந்த அந்த நீண்ட காலத்தில், காற்று மணலை வாரிக் குவித்துக்கொண்டே இருந்தது. மணலில் இருந்த இரும்புக் கனிமங்கள் மெல்ல மெல்லத் துருப்பிடித்து ஒவ்வொரு மணலையும் சிவப்பாகப் பூசிவிட்டன. துரு பூசிய மணல் என்று சொன்னால் கொச்சையாக இருக்கலாம், ஆனால் அதுதான் விஷயம். சாயர்புரம், குட்டம்புளி, மெஞ்ஞானபுரம் பக்கத்துத் தேரிகளில் நகம் அளவுக்குச் சின்னதான கல் கருவிகள் கிடைத்திருக்கின்றன. சாய்னர், ஆல்சின் என்ற இரு ஆய்வாளர்கள் 1956இல் அவற்றைப் பற்றி எழுதினார்கள். மேட்டில் உட்கார்ந்து மீனும் வேட்டையும் பார்த்துக்கொண்டிருந்தவர்களின் கருவிகள் அவை.

தேரி சும்மா கிடக்காது. ஆனி, ஆடியில் ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக மேலைக்காற்று புகுந்து வந்து அடிக்கும். முப்பந்தலில் காற்றாலைகளைச் சுழற்றுவதும் அதே காற்றுதான். மணல் மேட்டின் ஒரு பக்கத்திலிருந்து பறந்து மறுபக்கத்தில் விழும், மேடே நகரும். வயலை மூடும், வீட்டை மூடும். இதைத் தடுக்க மனிதர்கள் கண்ட வழி பனை. பனையும் உடைமரமும் வேர்விட்டால்தான் மணல் நிற்கும். மணல் நின்றால்தான் வீடு கட்டலாம். தேரி நிலத்தில் 1799இல் குடியேற்றப்பட்ட முதலூர், பிறகு வந்த சாயர்புரம், மெஞ்ஞானபுரம் எல்லாம் இப்படிப் பனைக்கு நடுவே எழுந்த ஊர்கள். முதலூரை இன்றைக்கு மஸ்கோத்து அல்வாவுக்காகத்தான் தெரியும், அது வேறு கதை.

பனை மணலைப் பிடித்து வைத்ததோடு நிற்கவில்லை, வீடாகவும் ஆனது. வைரம் பாய்ந்த கிழட்டுப் பனையைப் பிளந்தால் பனங்கை, அதாவது கூரையைத் தாங்கும் சட்டம். ஓலை கூரைக்கு, மட்டை வேலிக்கு, நார் எல்லாவற்றையும் கட்டுவதற்கு. உப்புக்காற்றில் இரும்பு ஆணி சீக்கிரமே துருப்பிடித்து உதிரும். பனைநார் அப்படியில்லை. பதநீர் காய்ச்சினால் கருப்பட்டி, அதுவும் சுவருக்குள் போனது. அதைப் பிறகு சொல்கிறேன்.

தண்ணீருக்கு என்ன செய்தார்கள்? தேரியில் பெய்கிற மழை ஓடாது, அப்படியே உள்ளே இறங்கிவிடும். மேடுகளுக்கு நடுவே பள்ளமான இடங்களில் மறுபடி வெளியே வந்து தேங்கும். அந்தத் தேக்கங்களுக்குத் 'தருவை' என்று பெயர். மேலப்புதுக்குடியில் அருஞ்சுனை காத்த அய்யனார் என்றே ஒரு சாமி இருக்கிறார். சுற்றிலும் செம்மணல், நடுவில் வற்றாத சுனை, அதைக் காக்க ஒரு அய்யனார். நிலத்தைப் புரிந்துகொண்டவர்கள் வைத்த பெயர் அது.

கரையிலேயே கூட நல்ல தண்ணீர் கிடைக்கும். திருச்செந்தூர் நாழிக்கிணறு கடலிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கிறது, தண்ணீர் உப்புக் கரிக்காது. இதற்கு விளக்கம் எளிது. மழைநீர் கடல்நீரைவிட எடை குறைவு. மணலுக்கு அடியில் ஊறியிருக்கும் உப்புநீரின்மேல், பாலின்மேல் ஆடை மாதிரி நல்ல நீர் மிதந்து நிற்கும். அந்த ஆடை அளவுக்கு மட்டும் கிணறு தோண்டினால் நல்ல தண்ணீர். ஆசைப்பட்டு ஆழப்படுத்தினாலோ, மோட்டார் போட்டு உறிஞ்சினாலோ அடியிலிருக்கும் உப்பு மேலே வந்துவிடும். கரையோர ஊர்களில் பல கிணறுகள் அப்படித்தான் போயின.

தேரி மண் வீட்டுக்குள்ளும் வரும். தேரிக்குடியிருப்பு கற்குவேல் அய்யனார் கோயிலில் டிசம்பர் நடுவில் கள்ளர் வெட்டு நடக்கும். தேரி மேட்டில் இளநீரை வெட்டுவார்கள், அது சிந்திய செம்மண்ணை ஜனங்கள் முண்டியடித்து அள்ளுவார்கள். அதை முடிந்து கொண்டுவந்து வீட்டிலும் பெட்டியிலும் வயலிலும் வைப்பது வழக்கம். வீட்டை மூடிப்போட்ட மணலையே வீட்டுக்குக் காவலாக வைத்துக்கொள்வது எனக்கு எப்போதும் ஆச்சரியம்தான்.

வளர்ந்த கல்

சரி, அத்தை வீட்டுச் சுவருக்கு வருவோம். அது பவளக்கல், முருகைக்கல் என்றும் சொல்வார்கள். பவளம் செடி மாதிரித் தெரியும், ஆனால் சின்னச் சின்ன உயிரினங்களின் கூட்டம் அது. அவை கடல்நீரில் கரைந்திருக்கும் சுண்ணத்தை எடுத்துத் தங்களைச் சுற்றிக் கூடு கட்டிக்கொள்கின்றன. பழையவை செத்துப்போக, அதன்மேல் புதியவை கட்ட, வருஷத்துக்கு ஒரு சென்டிமீட்டரோ இன்னும் குறைவாகவோ பாறை உயரும். அத்தை சொன்னது சரி, அந்தக் கல் வளர்ந்ததுதான்.

மன்னார் வளைகுடாவில் தூத்துக்குடியிலிருந்து ராமேஸ்வரம் வரை 21 தீவுகள், அவற்றைச் சுற்றிப் பவளத்திட்டுகள். கருங்கல்லுக்கு உள்நாட்டுக்குப் போக வேண்டும், செங்கல் சுட நல்ல களிமண் வேண்டும். பவளம் வள்ளத்தில் அரை நாள் தூரம். ஈரமாக இருக்கும்போது வெட்டுவதும் லேசு. துளைகளுக்குள் காற்று நிற்பதால் சுவர் சீக்கிரம் சூடாகாது. தூத்துக்குடியிலும் கீழக்கரைப் பக்கத்திலும் பழைய சுவர்களில் அது இருப்பதில் ஆச்சரியமில்லை.

கல்லை ஒட்டுவதற்கான காரையும் அதே கடலிலிருந்துதான். பவளத்தையோ சிப்பியையோ காளவாயில் சுமார் 900 டிகிரி வெப்பத்தில் சுட்டால் அதிலிருக்கும் கரியமில வாயு வெளியேறிச் சுட்ட சுண்ணாம்பு மிஞ்சும். தண்ணீர் விட்டால் கொதித்துப் பொங்கி நீறும். அதோடு மணல், கடுக்காய் ஊறிய நீர், கருப்பட்டித் தண்ணீர் சேர்த்து நாள்கணக்கில் அரைத்து இடித்துப் பூசுவார்கள். பூசிய சுண்ணாம்பு காற்றிலிருந்து, வெளியே விட்ட அதே கரியமில வாயுவை மறுபடி மெல்ல இழுத்துக்கொள்ளும், மறுபடி கல்லாகும். கல்லைச் சுட்டுப் பொடியாக்கி, விரும்பிய இடத்தில் தடவி, திரும்பக் கல்லாக்குவது. சுண்ணாம்புக் காரை என்பதன் முழுத் தத்துவமும் இவ்வளவுதான்.

இதற்கு ஒரு விலை இருந்தது. தூத்துக்குடிக்குப் பக்கத்தில் விலாங்குச்சல்லி, கீழக்கரைப் பக்கம் பூவரசன்பட்டி, இந்த இரண்டு தீவுகளும் இன்றைக்குத் தண்ணீருக்குள் போய்விட்டன. பவளத்திட்டுதான் அலையின் வேகத்தை உடைத்துத் தீவைக் காக்கும் வேலி. வேலியைப் பெயர்த்தால் மணல் கரையும். வீடுகளுக்கு மட்டும் எடுத்திருந்தால் இந்த அளவுக்கு வந்திருக்குமா என்பது சந்தேகம். 20ஆம் நூற்றாண்டில் சுண்ணாம்புக்காகவும் தொழிற்சாலைகளுக்காகவும் லாரி லாரியாக எடுத்ததுதான் பெரிய அடி. 1986இல் இந்தத் தீவுகள் கடல்சார் தேசியப் பூங்கா ஆயின, 1989இல் உயிர்க்கோளக் காப்பகமும் அறிவிக்கப்பட்டது. 2001இல் பவளம் வனவிலங்குச் சட்டத்தின் கீழ் வந்தது. இப்போது அதைப் பெயர்ப்பது குற்றம். தூத்துக்குடிக்கு எதிரே தேய்ந்துகொண்டிருந்த வான் தீவைக் காக்க, கடலடியில் செயற்கைப் பாறைகளை இறக்கியிருக்கிறார்கள்.

உள்ளே வாருங்கள்

பொருளைப் பார்த்தாயிற்று, அமைப்பைக் கொஞ்சம் பார்க்கலாம். இந்தப் பக்கத்து வீட்டில் தெருவை ஒட்டித் திண்ணை, அப்புறம் தார்சா என்ற முன்கட்டு, அதைத் தாண்டிப் பட்டாசல் என்ற கூடம், பின்னால் அடுக்களை, கடைசியில் புறவாசல். எல்லாக் கதவும் ஒரே நேரில் இருக்கும். தெருக்கதவையும் புறவாசலையும் திறந்து வைத்தால் கடல்காற்று வீட்டை ஊடுருவிக்கொண்டு போகும். மின்விசிறி வருவதற்கு முன்னால் அதுதான் விசிறி.

வீட்டுக்குள்ளே இருக்கும் பொருள்களின் பெயர்களைச் சொல்லிப் பாருங்கள். ஜன்னல், சாவி, அலமாரி, மேசை, வராந்தா, கிராதி. கட்டிய ஆள் மேஸ்திரி. எல்லாம் போர்த்துக்கீசியச் சொற்கள். 1530களில் பரதவர்கள் போர்த்துக்கீசியரின் உதவியை நாடிக் கத்தோலிக்கம் தழுவினார்கள், 1542இல் பிரான்சிஸ் சவேரியார் வந்தார். மணப்பாட்டில் அவர் தங்கிய குகை இன்றும் இருக்கிறது. 1658இல் டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள், பிறகு ஆங்கிலேயர். ஆட்சி மாறிக்கொண்டே இருந்தது. ஜன்னலும் சாவியும் மட்டும் தமிழ் வீடு முழுக்கப் பரவி, நம்முடையவை ஆகிவிட்டன.

மணப்பாடு தனியாகப் பார்க்க வேண்டிய ஊர். கடலுக்குள் நீளும் ஒரு மணற்குன்று, அதன் உச்சியில் 1581இல் எழுந்த திருச்சிலுவை ஆலயம், ஒரு பக்கம் கடல், இன்னொரு பக்கம் மணல்திட்டு அடைத்து உண்டாக்கிய காயல். இவ்வளவு சின்ன ஊரில் தூண்களும் வளைவுகளும் மாடியுமாக அரண்மனை மாதிரி வீடுகள். பணம் இலங்கையிலிருந்து வந்தது, அங்கே வணிகம் செய்தவர்கள் ஊரில் கட்டியவை அவை. பல வீடுகள் இப்போது பூட்டிக் கிடக்கின்றன.

காயல்பட்டினத்தில் அமைப்பே வேறு. அங்கே கல்யாணமானால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போவார். வீடு மகளுக்குச் சேரும். ஆண்கள் மாதக்கணக்கில் கொழும்பு, அரபு நாடு என்று போய்விடும் ஊரில், பெண்ணைத் தாய்வீட்டிலேயே வைத்துக்கொள்வதில் ஒரு கணக்கு இருக்கிறது. மகள்கள் இருந்தால் வீட்டு மனை நீளவாக்கில் பிரியும். அப்படித்தான் ஒடுக்கமும் நீளமுமான வீடுகள் வந்தன என்று நினைக்கிறேன். வீடுகளுக்கு நடுவே ஆள் ஒருவர் போகிற அளவுக்குச் சந்து, அதற்கு 'முடுக்கு' என்று பெயர். பெண்கள் தெருவுக்கு வராமலே முடுக்கு வழியாக ஊரைச் சுற்றி வருவார்கள். தெரு ஆண்களுக்கு, முடுக்கு பெண்களுக்கு. வெளியாள் தெரியாமல் முடுக்குக்குள் நுழைந்தால் யாராவது மரியாதையாகத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். எனக்கு நடந்திருக்கிறது.

சுவர் பூத்தால்

பழைய வீடு வைத்திருப்பவர்களுக்கு உபயோகமான ஒரு விஷயம் சொல்லி முடிக்கிறேன். கடலோரச் சுவரில் வெள்ளையாகப் பொடி பூத்து, பூச்சு பொரிந்து உதிரும். காற்றிலும் தரையிலும் இருக்கும் உப்பு ஈரத்தோடு சுவருக்குள் ஏறுகிறது. ஈரம் காயும்போது உப்பு படிகமாகிப் பெருத்து, பூச்சை உள்ளிருந்து தள்ளுகிறது. சுண்ணாம்புப் பூச்சு ஈரத்தை வெளியே விடும். உப்பு மேற்புறத்தில் பூக்கும், துடைப்பத்தால் தட்டிவிட்டுச் சில வருஷத்துக்கு ஒரு தரம் வெள்ளையடித்தால் போதும். அதே சுவரில் சிமெண்ட் பூசினால் ஈரம் வெளியேற வழியில்லை. உப்பு சிமெண்டுக்குப் பின்னால் சேர்ந்து, மெத்தென்றிருக்கும் பவளக்கல்லையே தின்ன ஆரம்பிக்கும். வெளியே பார்க்கச் சுவர் பளிச்சென்று இருக்கும். பத்து வருஷம் கழித்துப் பாளமாக விழும்போது, கல்லையும் சேர்த்துப் பெயர்த்துக்கொண்டு விழும்.

அத்தை வீட்டில் முன்பக்கம் எல்லாம் சிமெண்ட் பூசியாகிவிட்டது. புறவாசல் சுவரையாவது சுண்ணாம்பில் பூசலாம் என்று கொத்தனாரிடம் கேட்டேன். "அரைக்க ஆள் எங்க சார் இருக்கு" என்று சிரித்தார். கடைசியில் அவருடைய அப்பாவைக் கூட்டிவந்தார். பெரியவர் சுவரில் கை வைத்துப் பார்த்துவிட்டு முதலில் கேட்டது, "கருப்பட்டி உடன்குடியா, வேற எங்கயுமா?"